குடைக்காரியின் வானத்தில் இன்னொருத்தி

உலகத்தில் இதுவரை வானம் செய்தவர்கள் இரண்டே பேர். ஒருவர் கடவுள், இன்னொருவர் பெரியப்பா. கடவுள் ஒன்றே ஒன்றைச் செய்துவிட்டு, போதுமடா சாமி என்று கையைத் துடைத்துக்கொண்டு போய்விட்டார். பெரியப்பா செய்தது எத்தனை என்று பெரியப்பாவுக்கே தெரியாது. கடவுளுடைய வானம் அடிக்கடி ஒழுகும். பெரியப்பாவுடைய வானம் ஒரு சொட்டு ஒழுகியதில்லை. ஓவிய வரலாற்றையே புரட்டிப் போட்ட மேதைகள் என்று புத்தகத்தில் யார் யாரையோ சொல்கிறார்கள். அவர்கள் ஆளுக்கு ஒரு தினுசாக வானம் போட்டுவிட்டுச் செத்துப்போனார்கள். அத்தனை பேருடைய வானத்தையும் ஒரே ஆள், ஒரே ஸ்டூலில் உட்கார்ந்து, நடுநடுவே டீயும் குடித்துக்கொண்டு போட்டார் என்றால், யார் பெரிய கை என்று நீங்களே முடிவு பண்ணிக்கொள்ளுங்கள்.

இதை எழுதுகிறவளுக்கு அவர் பெரியப்பா, அதாவது அம்மாவின் அக்காள் புருஷன். மற்ற எல்லோருக்கும் அவர் வானத்துக்காரர். இங்கேயும் அப்படியே இருக்கட்டும். பெரியப்பா, பெரியப்பா என்று எழுதிக்கொண்டிருந்தால் வரிக்கு வரி மரியாதை கொடுக்க வேண்டியிருக்கும்.

அவர் வேலை பார்க்கும் பட்டறை ஒரு டயர் கடைக்கு மேலே இருக்கிறது. கீழேயிருந்து ரப்பர் நாற்றமும் மேலேயிருந்து டர்பன்டைன் நாற்றமும் வந்து படிக்கட்டின் நடுவில் கைகுலுக்கிக்கொள்ளும். உலகப் புகழ்பெற்ற படங்களைப் பார்த்து அப்படியே வரைவதுதான் அங்கே தொழில். ஹோட்டல் அறைகள், பல் டாக்டரின் வெயிட்டிங் ரூம், வக்கீல் ஆபீஸ் என்று எங்கெல்லாம் சுவர் சும்மா இருக்கிறதோ அங்கெல்லாம் அவர்களுடைய சரக்கு போகும். ஒரு படத்தை ஒரே ஆள் வரைவது அங்கே வழக்கமில்லை. ஒருவர் துணியைச் சட்டத்தில் இழுத்து அடித்து வெள்ளை பூசுவார். ஒருவர் புரொஜெக்டர் போட்டுக் கோடு இழுப்பார். மரம், புல், தண்ணீர் எல்லாம் தண்ணீர்க்காரர் பாடு. வானம் இவருடையது. முகம் கடைசியில் வரும்.

பட்டறையில் யாருக்கும் ஓவியர்கள் பெயர் வாயில் நுழையாது. படங்களுக்குத்தான் பெயர் வைத்திருந்தார்கள்: சிரிப்புக்காரி, முத்துத்தோடு, பாலத்தில் கத்துகிறவன், உருகின கடிகாரம், பெரிய அலை. வானத்துக்காரருக்கு ஓவிய வரலாறு என்பது வானத்தின் வரலாறு, அவ்வளவுதான். ஆதியில் வானம் முழுக்கத் தங்கமாக இருந்தது, ஏனென்றால் அங்கே தேவதைகள் குடியிருந்தார்கள். பிறகு அவர்கள் காலி பண்ணிக்கொண்டு போனதும், ஆட்களின் தோளுக்குப் பின்னால் ஒரு துண்டு வானத்துக்கு இடம் கிடைத்தது. அப்புறம் ட்யூபில் அடைத்த பெயிண்ட் வந்தது, ஒரு கூட்டம் அறையை விட்டு வெளியே ஓடியது. வெயிலில் நின்றுகொண்டு, வெயில் நகர்வதற்குள் வரைந்து தள்ளினார்கள். அரைகுறை என்று ஊரே கைகொட்டிச் சிரித்தது. வானத்துக்காரருக்குச் சோறு போட்டவர்கள் அவர்கள்தான். அவர்கள் வந்த பிறகுதானே படத்தில் பாதிக்கு மேல் வானம் ஆனது. அவர்களுக்கு அடுத்து வந்த ஒருவர் ராத்திரி வானத்தைச் சுழலவிட்டார், இன்னொருவர் அதை ரத்தமாக ஓடவிட்டார். அதற்கும் அடுத்து எல்லாவற்றையும் கண்ணாடிச் சில்லு மாதிரி உடைத்தவர்கள் வந்தார்கள். எது வானம், எது மூக்கு என்று பிரித்துச் சொல்ல ஆளில்லை. வானத்துக்காரர் அந்தப் படங்கள் வரும் நாட்களில் கொட்டாவி விட்டுக்கொண்டிருப்பார்.

குளம் படம் ஒன்று உண்டு. முழுக்க அல்லியும் தண்ணீரும்தான், கரையே கிடையாது. அது யார் வேலை என்று தண்ணீர்க்காரருக்கும் இவருக்கும் ஒரு தடவை பெரிய வாய்த்தகராறு. வானம்தானே தண்ணீருக்குள் விழுந்து கிடக்கிறது, ஆகையால் அது தன் சொத்து என்று இவர் சாதித்தார். பஞ்சாயத்து முகத்துக்காரியிடம் போனது. அவள் தூரிகையைக் காதில் செருகிக்கொண்டு எட்டிப் பார்த்து, ஆளுக்குப் பாதி எடுத்துக்கொள்ளுங்கள், இந்தப் படத்தில் முகமே இல்லை, எனக்கு லீவு என்று தீர்ப்புச் சொல்லிவிட்டுப் போய்விட்டாள். அந்தத் தீர்ப்பில் விழுந்தவர்தான் வானத்துக்காரர். அடுத்த வருடம் அவளையே கட்டிக்கொண்டார்.

முகத்துக்காரி வருகிறவரைக்கும் படங்களெல்லாம் முகமில்லாமல் சுவரோரம் வரிசையாக நிற்கும். தோடு இருக்கும், காது இருக்காது. தொப்பி இருக்கும், நெற்றி இருக்காது. புதிதாகப் பட்டறைக்கு வருகிறவர்கள் அந்த வரிசையைப் பார்த்துக் கொஞ்சம் ஒதுங்கித்தான் நடப்பார்கள். அவள் ஸ்டூலைத் தள்ளிக்கொண்டே ஒவ்வொருத்தர் முன்னாலும் போய் உட்கார்ந்து, 'உனக்கு என்ன கேடு, நீ ஏன் இப்படி முழிக்கிறே' என்று பேசியபடியே கண்ணைத் திறந்துவிடுவாள். ஊரார் முகத்தையெல்லாம் போட்டவளுக்குத் தன் முகத்தைப் பற்றி அக்கறையே இருந்ததில்லை. யாராவது கேமராவைத் தூக்கினால் தலையைத் திருப்பிக்கொள்வாள். மூஞ்சியைப் பார்த்துப் பார்த்துச் சலித்துவிட்டதாம். வீட்டில் இருக்கும் ஒரே கூட்டுப் படத்தில் அவளுடைய பின்னல் மட்டும் தெரிகிறது.

நோய் வந்து, கை நடுங்க ஆரம்பித்த பிறகுதான் அவள் ஒரு கண்ணாடியைத் தேடினாள். பட்டறையில் கழித்துப் போட்ட ஒரு துணியை எடுத்து, மற்றவர்கள் சாப்பிடப் போகிற நேரத்தில், புரொஜெக்டர் இல்லாமல், மூலப்படம் எதுவும் இல்லாமல், தன்னைத்தானே வரைந்தாள். நேராக நிற்கிறாள், கையில் பெயிண்ட் துடைக்கிற கந்தல். யாரிடமோ ஏதோ சொல்ல வந்து, கேட்கிற ஆள் திரும்பட்டும் என்று காத்திருக்கிற மாதிரி முகம். முழுசாகக் காய்வதற்குள் அவள் ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டாள், திரும்பி வரவில்லை.

படம் பட்டறையில் வானத்துக்காரரின் ஸ்டூலுக்கு நேர் எதிரே சாய்த்து வைத்தபடியே இருந்தது. மற்றவர்கள் நாலு நாளில் பழகிவிட்டார்கள், தண்ணீர்க்காரர் அதற்குக் குட்மார்னிங் கூடச் சொன்னார். இவரால் முடியவில்லை. நீலம் குழைத்தால் அது பார்த்தது. வெள்ளை வைத்தால் அது பார்த்தது. வரிசையாக வானமெல்லாம் கெட்டுப்போனது. அந்தச் சமயத்தில் ஒரு ஹோட்டலுக்கு அவசர ஆர்டர், துணி போதவில்லை. கழித்த துணி எது இருந்தாலும் எடுத்துப் போடுங்கள் என்று பட்டறையின் பெரிய முதலாளி சொன்னார். எல்லோரும் வெளியே போயிருந்த ஒரு மத்தியானம் வானத்துக்காரர் எழுந்து போய், அந்தப் படத்தை எடுத்துத் தன் ஸ்டாண்டில் வைத்து, அதன்மேல் வானம் போட்டார்.

குடைக்காரியின் வானம் அது. மேட்டின் மேல் குடையோடு ஒருத்தி நிற்பாள், கீழேயிருந்து அண்ணாந்து பார்க்கிற மாதிரி, சுற்றிலும் மேகமாக இருக்கும், காற்று அவள் முகத்திரையை இழுக்கும். வெளியே ஓடிய கூட்டம் போட்ட படங்களிலேயே வானத்துக்காரருக்கு மிகவும் பிடித்தது. புல்லும் குடையும் குடைக்காரியும் அதன்மேல் ஏறிய பிறகு, அடியில் இன்னொருத்தி இருக்கிறாள் என்று உலகத்தில் ஒரே ஆளுக்குத்தான் தெரியும். மச்சினி, அதாவது இதை எழுதுகிறவளின் அம்மா, அக்காள் வரைந்த படம் எங்கே என்று வந்து கேட்டபோது, பட்டறையைச் சுத்தம் பண்ணும்போது எங்கேயோ போய்விட்டது என்று சொன்னார். பொய் சொல்லத் தெரியாத மனுஷன் என்று வீட்டில் அவருக்குப் பேர். அந்தப் பேரை வைத்துக்கொண்டுதான் அந்தப் பொய் இத்தனை வருடம் தாக்குப்பிடித்தது.

அதற்குப் பிறகு பிறந்தவள்தான் இதை எழுதுகிறவள். பதினேழு வயதும் ஆகிவிட்டது. பள்ளிக்கூடம் அவளை விட்டதா, அவள் பள்ளிக்கூடத்தை விட்டாளா என்பது இன்னும் விசாரணையில் இருக்கிறது.

போன மழைக்காலம் முடிகிற சமயம், ஒரு வாரம் முன்னே பின்னே இருக்கலாம். ஹோட்டலிலிருந்து பட்டறைக்குப் போன் வந்தது. மேல்மாடி நடையில் லிஃப்டுக்கு எதிரே மாட்டியிருக்கும் படத்தில் ஏதோ கோளாறு, வந்து பாருங்கள் என்றார்கள். பெரிய முதலாளி காலமாகி, இப்போது நடத்துவது அவர் மகன். சின்ன முதலாளி வானத்துக்காரரையும் கூட்டிக்கொண்டு போனார்.

நடை முழுக்கக் கம்பளம், நடந்தால் சத்தமே வராது. வரிசையாகக் கதவுகள். கடைசியில் லிஃப்டுக்கு எதிரே ஒரு படத்தின் மேல் குளியல் துண்டு ஒன்றைப் போர்த்தி, இரண்டு பக்கமும் கிளிப் மாட்டியிருந்தார்கள். துப்புரவு செய்கிற அம்மா தள்ளுவண்டியோடு அந்தப் பக்கமாகப் போகும்போது முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு போனாள். சின்ன முதலாளி என்னவென்று விசாரித்தார்.

"ரொம்ப நாளா அழுக்குன்னு நெனச்சுத் துடைச்சேன் சார்," என்றாள் அவள். "போன மாசம்தான் தெரிஞ்சுது, நான் துடைச்சது கண்ணு."

வானத்துக்காரர் துண்டை எடுத்தார்.

குடைக்காரி அவள் பாட்டுக்கு நின்றுகொண்டிருந்தாள். அவளுக்கு வலப்பக்கம், மேகத்துக்குள்ளே, சாம்பல் கலந்த பழுப்பில் ஒரு நெற்றி இருந்தது. நெற்றிக்குக் கீழே இரண்டு கண்கள். கன்னத்தின் மேடு ஒரு பக்கம் மட்டும். அதற்குக் கீழே மேகம் தடிப்பாக மூடியிருந்தது. யாரோ வரைந்தது மாதிரி இல்லை, பனிமூட்டத்தில் நடந்து வருகிற ஒருத்தி இன்னும் கிட்டே வரவில்லை என்பது மாதிரி இருந்தது. லிஃப்ட் கதவு திறந்து மூடியது. நடையின் வெளிச்சம் கொஞ்சம் அசைந்தது. கண்கள் அவரைத்தான் பார்த்தன. அவர் ஒரு எட்டு நகர்ந்து பார்த்தார். அப்போதும் அவரைத்தான்.

வெள்ளை வயசானால் கண்ணாடியாகும். பட்டறையில் எல்லோருக்கும் தெரிந்த சங்கதி இது. எண்ணெயில் குழைத்த வெள்ளையை மெல்லிசாக வைத்தால், வருடங்கள் போகப் போக அது தன் மறைப்பை இழக்கும், அடியில் இருப்பது எழுந்து வரும். அதனால்தான் பழைய துணியின் மேல் வரையும்போது முதலில் சுரண்டி, தேய்த்து, புதிதாக வெள்ளை அடித்து, அது காய்ந்த பிறகுதான் கை வைப்பார்கள். வானத்துக்காரர் அன்று ஒன்றும் செய்யவில்லை. சுரண்ட மனசு வரவில்லை. ஈரம் காயாத முகத்தின் மேல் நேராக மேகத்தை வைத்திருந்தார்.

ஈரம் பட்டிருக்கும், மேலே ஒரு கோட் தடிப்பாகப் போட்டுச் சனிக்கிழமைக்குள் கொடுத்துவிடலாம் என்றார் சின்ன முதலாளி. வானத்துக்காரர் தலையை ஆட்டினார். பிறகு, புதிதாகவே ஒன்று போட்டுக் கொடுத்துவிடுகிறேன், இது எதற்கும் ஆகாது என்றார். அப்படியானால் இதைக் கிழித்துப் போட்டுச் சட்டத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டு முதலாளி லிஃப்டுக்குள் போனார். அதற்கும் வானத்துக்காரர் தலையை ஆட்டினார். அவருடைய தலை அன்று எல்லாவற்றுக்கும் ஆடியது.

ஹோட்டல் துண்டாலேயே சுற்றி, பஸ்ஸில் வீட்டுக்குக் கொண்டுவந்தார். இடமில்லாமல் கம்பியைப் பிடித்தபடி, அதைத் தன் மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார். கண்டக்டர், பெரிசே, இதுக்கும் டிக்கெட் எடுக்கணும் என்றார். லக்கேஜ் டிக்கெட்டா ஆள் டிக்கெட்டா என்று இவர் நிஜமாகவே கேட்டுவிட்டார். கண்டக்டர் அதை நக்கல் என்று எடுத்துக்கொண்டு, அடுத்த நிறுத்தம் வரைக்கும் முணுமுணுத்துக்கொண்டே வந்தார்.

வீட்டில் அவருக்கு மாடி அறை. கீழே மச்சினி குடும்பம். சகலை லாரி ஓட்டுகிறவர், வீட்டில் இருப்பதைவிட லாரியில் இருப்பது அதிகம். படத்தைச் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்து, பக்கத்தில் அலமாரியைத் தள்ளினார். அப்படி வைத்த பிறகு அந்த அறையில் இருப்பது அதைவிடக் கஷ்டமாக இருந்தது. பார்க்கிறவளைத் தாங்கலாம். சுவரைப் பார்த்து நிற்க வைத்தவளை எப்படித் தாங்குவது? காலையில் அலமாரியை நகர்த்தித் திருப்பினார். வேலைக்குப் போகுமுன் மறுபடி சுவர்ப்பக்கம் வைத்தார். சாயங்காலம் திரும்பவும் திருப்பினார். மாடியில் என்ன தினமும் தேர் இழுக்கிற சத்தம் என்று மச்சினி கீழேயிருந்து கேட்டாள். எலி என்றார்.

பட்டறையில் புதுக் குடைக்காரி தயாரானாள். அவளுடைய வானத்தைக் கரண்டியால் அப்பின மாதிரி தடிப்பாகப் போட்டுக் கொடுத்துவிட்டார். அந்தக் கணக்கு அதோடு முடிந்தது. மாடி அறைக் கணக்குதான் பாக்கி. மேலே இருக்கும் மேகத்தை எடுத்துவிட்டால் அவள் முழுசாக வந்துவிடுவாள். ஆனால் இரண்டு பெயிண்டும் ஒரே டப்பாவில் வந்தவை, ஒன்று காய்வதற்குள் இன்னொன்று ஏறியது. பதினெட்டு வருடமாக ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு காய்ந்திருக்கின்றன. மேகத்தைக் கரைக்கிற மருந்துக்கு எங்கே நிறுத்த வேண்டும் என்று தெரியாது. கை தவறினால் உலகத்தில் அவளுடைய முகம் முழுசாக இருக்கும் ஒரே இடமும் போய்விடும். எடுக்காமல் விட்டால், மச்சினி ஒருநாள் அலமாரியை நகர்த்துவாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், மச்சினி கடைக்குப் போயிருக்கிறாள் என்று நினைத்து, குச்சியில் பஞ்சைச் சுற்றி, ஸ்பிரிட்டும் டர்பன்டைனும் கலந்து, முடி தொடங்குகிற ஓரத்தில் தொட்டார். பஞ்சில் முதலில் நீலம் வந்தது. அடுத்த பஞ்சில் வெள்ளை. உருட்டி உருட்டி எடுத்ததில் விரல்நக அளவுக்கு அவளுடைய கூந்தல் பளிச்சென்று வெளியே வந்தது. ஈரத்தில் நேற்றுத்தான் போட்ட மாதிரி மின்னியது. இன்னொரு பஞ்சை எடுத்தார். அது பழுப்பாக வந்தது. அவசரமாகக் கையை எடுத்தார். கூந்தலில் ஒரு இழை அந்தப் பஞ்சில் இருந்தது.

மச்சினி கடைக்குப் போகவில்லை. டீ டம்ளரோடு வாசலில் நின்றுகொண்டிருந்தாள்.

சினிமாவாக இருந்தால் டம்ளர் கீழே விழுந்திருக்கும். இவள் குனிந்து, டம்ளரை ஓரமாகத் தரையில் வைத்து, காலில் தட்டாமல் நகர்த்திவிட்டு, படத்துக்கு முன்னால் உட்கார்ந்தாள்.

"எங்க இருந்தா இத்தனை நாள்?"

"ஹோட்டல்ல."

"ஹோட்டல்ல என்ன பண்ணா?"

"என் வானத்துக்கு அடியில இருந்தா."

அவள் தலையைத் திருப்பாமலே கேட்டாள். "காணாமப் போச்சுன்னீங்களே அத்தான்."

"சொன்னேன்."

"நான் பழைய சாமான் கடையெல்லாம் ஏறி இறங்கினேன்."

"தெரியும்."

"நீங்களும் கூடவே வந்து தேடினீங்க."

நிஜம்தான். கடை கடையாக அவளோடு போய், அடுக்கி வைத்திருந்த சட்டங்களை ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளிப் பார்த்து, இதிலே இல்லைம்மா, அடுத்த தெருவில் பார்க்கலாம் என்று சொன்னவர் அவர்தான். ஒரு கடையில் நிஜமாகவே கிடைத்துவிடும் என்று நம்பியதாகக்கூட அவருக்கு ஞாபகம்.

மச்சினி விரலை நீட்டினாள். தொடவில்லை. நெற்றி, கண், கன்னம் என்று காற்றிலேயே இறங்கி வந்த விரல் மேகத்தில் வந்து நின்றது.

"வாய் எங்க?"

"அங்கதான் இருக்கு. மேல தடிப்பா இருக்கு."

"கண்ணு மேல மெல்லிசா வெச்சு, வாய் மேல மட்டும் ஏன் தடிப்பா வெச்சீங்க?"

வானத்துக்காரர் குச்சியைக் கீழே வைத்தார். "வாயிலதான் முதல்ல வெச்சேன். அங்க நிறைய வெச்சேன். கண்ணுக்கு வர்றப்ப கை ஓடலை."

"அதான் ஏன்னு கேக்குறேன்."

"ஆஸ்பத்திரியில கடைசி நாள், இன்னிக்கு இருந்துட்டுப் போயேன்னா. ரெண்டு வானம் பாக்கி இருக்கு, சாயங்காலம் வந்துடறேன்னு சொல்லிட்டுப் போனேன்." அவர் அழுக்குப் பஞ்சுகளைப் பொறுக்கினார். "பட்டறையில அந்த வாய் அதையே சொல்லிக்கிட்டிருந்துச்சு."

மச்சினி எழுந்தாள். டீ ஆறிவிட்டது என்று சொன்னாள். டம்ளரை எடுத்துக்கொண்டு கீழே இறங்கிப் போனாள்.

அதன் பிறகு அவள் அவரோடு பேசவில்லை. டீ வேண்டுமா என்று கேள், விளக்கை அணைக்கச் சொல், துணி துவைக்கப் போட்டாயிற்றா என்று கேள் என்று எல்லாம் மகள் வழியாகத்தான் போனது. இதை எழுதுகிறவள் தபால்காரியாகி மாடிப்படியில் ஏறி இறங்கியதில், 'டீ வேணுமா' என்பது 'விஷம் வேணுமா' என்று சில தடவை மாறிப் போயிருக்கலாம். இரண்டு பேரும் சிரிக்கவில்லை. சாப்பாட்டுத் தட்டு மட்டும் ஒரு வேளையும் தவறாமல் மாடிக்குப் போனது. வானத்துக்காரர் அதைப் படத்துக்கு முன்னால் உட்கார்ந்தே சாப்பிட்டார். தலை நிமிர்ந்தால் கண்கள் இருந்தன, ஆகையால் குனிந்தே சாப்பிட்டார்.

ஒருநாள் மத்தியானம் மச்சினி தானே மேலே வந்தாள். கதவருகிலேயே நின்றாள்.

"வாயை எடுங்க," என்றாள்.

அவர் முடியாது என்று விளக்கினார். மருந்துக்கு மேகம் எது, முகம் எது என்று தெரியாது என்றார். கூந்தல் போன கதையைச் சொன்னார். அவள் கேட்கிற நிலையில் இல்லை. அக்காளின் கண் அவளுக்கு ஞாபகம் இருக்கிறதாம், நெற்றி ஞாபகம் இருக்கிறதாம். வாய்தான் மறந்துபோய்விட்டது. குரல் காதில் இருக்கிறது, அது வந்த இடம் இல்லை. அடையாள அட்டையில் தபால்தலை அளவுக்கு ஒரு போட்டோ உண்டு, அதில் ஆபீஸ் முத்திரையின் மை சரியாக உதட்டின் மேல் ஏறிக் கிடக்கிறது. அதையும் வைத்துப் பார்த்துச் சலித்துவிட்டாளாம்.

"நீங்க மூடினது. நீங்கதான் திறக்கணும்," என்றாள்.

வானத்துக்காரர் ஜன்னல் பக்கம் படத்தைக் கொண்டுபோனார். மருந்தில் டர்பன்டைனைக் கூட்டி, வீரியத்தைக் குறைத்தார். வாயைத் தொடத் துணிவில்லை. அதற்குக் கீழே, தாடையின் விளிம்பு இருக்க வேண்டிய இடத்தில் பஞ்சை வைத்தார். வெள்ளை வந்தது. மறுபடி வெள்ளை. தடிப்பாக வைத்திருந்தார் அல்லவா, வெள்ளை வந்துகொண்டே இருந்தது. மச்சினி பக்கத்தில் வந்து நின்றாள். பிறகு ஒரு பஞ்சில் வெள்ளைக்கு நடுவே தோல் நிறத்தில் ஒரு தீற்றல். துணியில் அந்த இடத்தைப் பார்த்தார்கள். தாடையின் விளிம்பு வெளியே வரவில்லை. அது இருந்த இடத்தில் நூல் நூலாகத் துணி தெரிந்தது.

அவர் பஞ்சை நீட்டினார். "இதுதான் அவ தாடை," என்றார்.

மச்சினி அதைக் குச்சியிலிருந்து உருவி, உள்ளங்கையில் வைத்து மூடிக்கொண்டாள். "விட்டுடுங்க அத்தான்," என்றாள். அன்றிலிருந்துதான் மறுபடி நேராகப் பேச ஆரம்பித்தாள்.

படத்தை மாடி அறையில் ஜன்னலுக்கு எதிர்ச் சுவரில் மாட்டினார்கள். அலமாரி பழைய இடத்துக்குப் போனது. வெள்ளை தானாகவே கண்ணாடியாகும், காத்திருந்தால் போதும் என்று வானத்துக்காரர் சொன்னார். எத்தனை நாள் என்று மச்சினி கேட்டாள். கண்ணுக்கே இத்தனை வருடம் ஆயிற்று, வாய் அதைவிடத் தடிப்பு என்றார். அதுவரைக்கும் நாம் இருப்போமா என்றாள். வானத்துக்காரர், படியில் உட்கார்ந்து ஒட்டுக்கேட்டுக்கொண்டிருந்தவளைக் காட்டினார். அது இருக்கும் என்றார். ஒரு ஆளை 'அது' என்று சொல்லிவிட்டு, அவளுக்கு எவ்வளவு பெரிய வேலை கொடுத்திருக்கிறோம் என்று அவருக்குத் தெரியவில்லை.

ஆனால் அவ்வளவு காலம் ஆகவில்லை. ஓவிய வரலாற்றில் இப்படி நடந்ததே இல்லை என்று சொன்னால் மிகையில்லை. போன வியாழக்கிழமை, சன்னமான வெயிலில், மேகத்தின் அடிப்பகுதியில் ஒரு கோடு தெரிந்தது. முதலில் பார்த்தது மச்சினிதான். மறுநாள் அந்தக் கோட்டுக்கு இரண்டு முனைகளும் கிடைத்தன, ஒரு முனை லேசாக மேல்நோக்கி இருந்தது. வாய் வந்துவிட்டது. திட்டுகிற வாய் இல்லை, இருந்துவிட்டுப் போ என்று கெஞ்சுகிற வாயும் இல்லை. சும்மா, பக்கத்தில் யாரோ ஜோக் சொல்லி, இவள் சிரிக்கலாமா என்று யோசிக்கிற வாய். மச்சினி அதற்கு முன்னால் உட்கார்ந்து காய் நறுக்குகிறாள், வீட்டு விஷயம் சொல்கிறாள், சகலை லாரியோடு போன ஊர்க் கதையெல்லாம் சொல்கிறாள். வானத்துக்காரரும் நிமிர்ந்து உட்கார்ந்து சாப்பிட ஆரம்பித்துவிட்டார். வாழ்நாள் முழுக்க அடுத்தவர்களுடைய வானத்தைப் போட்டவருக்கு, அவருடைய சொந்த வானம் கடைசியில் வாய் திறந்தது.

இதுவரைக்கும் எழுதிய காகிதங்களை இன்று மத்தியானம் வானத்துக்காரர் வாங்கிப் படித்தார். மூக்குக் கண்ணாடியைச் சட்டை நுனியில் துடைத்துத் துடைத்து, ஆஸ்பத்திரி வருகிற இடத்தில் கொஞ்சம் நின்று, மறுபடி படித்தார். கடைசித் தாளை முடித்ததும் எழுந்து, படத்தைச் சுவரிலிருந்து கழற்றி ஜன்னலுக்குக் கொண்டுபோனார். வெயில் பக்கவாட்டில் விழும்படி அதைச் சாய்த்துப் பிடித்தார்.

"இங்க வா."

"என்ன பெரியப்பா?"

"எண்ணெய்க்குள்ளேருந்து வர்ற கோடு இப்படி மினுங்காது. பென்சில்தான் மினுங்கும்."

இதை எழுதுகிறவள், துடைத்ததில் ஈரம் பட்டிருக்கும் என்று சொல்லிப் பார்த்தாள். ஒருவேளை எலியாக இருக்கலாம் என்றும் சொல்லிப் பார்த்தாள். கீழே மச்சினி படியேறுகிற சத்தம் கேட்டது, கையில் காய்கறித் தட்டு இருக்கிற நடை. வானத்துக்காரர் படத்தைத் திரும்ப ஆணியில் மாட்டி, கோணல் இல்லாமல் நேராக்கினார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"உன் பெரியம்மாவுக்கு மேலுதட்டு நடுவுல பள்ளமே கிடையாது. கண்ணாடி முன்னாடி நின்னு உன் வாயைப் பார்த்துப் போட்டிருக்கே," என்றார். "அதான் ரெண்டு நாளா அது என்னை எதிர்த்துப் பேசற மாதிரியே இருந்துச்சு."